ஒரே ஊர்க்காரர் இரண்டு பேர்

எங்கள் ஆட்களுக்கு ஒரு வியாதி உண்டு. மொன்ட்ரியாலில் எந்தக் கல்யாண வீட்டில், எந்தச் செத்த வீட்டில் இன்னொரு தமிழரைக் கண்டாலும் பெயரைக் கேட்க முன்பே "ஊரில எவ்விடம்?" என்று கேட்டுவிடுவோம். பதில் பக்கத்து ஊராக இருந்தால் போதும். கோயிலடி, குளத்தடி, பள்ளிக்கூடம், இன்னாருடைய வளவு என்று தோண்டித் தோண்டிக் கடைசியில் எப்படியாவது ஒரு சொந்தம் பிடித்துவிடுவோம். பிடித்த சொந்தம் பிறகு பிறந்தநாள் விழாவுக்குக் கூப்பிட்டுக் கூப்பிட்டே உயிரை எடுக்கும், அது வேறு கதை. இந்த வியாதியை இரண்டு போலந்துக்காரரிடம் காட்டப்போய் வந்த குழப்பத்தைத்தான் எழுதுகிறேன். இன்றுவரை அது எனக்கு முழுதாகத் தெளியவில்லை.

நான் வான் ஓட்டுகிறவன். தனியாக பஸ்ஸோ மெத்ரோவோ ஏற முடியாத வயோதிபர்களை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்த் திரும்ப வீட்டில் விடுவது என் வேலை. அதிலும் டயலிசிஸ் ஆட்கள்தான் எனக்குப் பழக்கம். ஒன்றுவிட்ட ஒருநாள் போகவேண்டும் என்பதால் மனைவியோடு கதைப்பதைவிட அவர்களோடு நான் கதைப்பது அதிகம். போகும்போது நன்றாகக் கதைப்பார்கள். திரும்பும்போது இரத்தமெல்லாம் ஒருமுறை வெளியே போய் வந்த களையில், கோடையிலும் குளிர்கிறது என்று போர்வை கேட்பார்கள்.

கொரோனாவுக்கு முந்திய இலையுதிர்காலம் அது. நகரின் வில்லரேப் பகுதியில் ஒரு போலந்து அம்மா என் வானில் ஏறத் தொடங்கினார். நான் "மதாம்" என்றுதான் கூப்பிடுவேன். வெளிப்படிக்கட்டால் இறங்கும்போது என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படிக்கும் ஒரு மாதாவைக் கூப்பிடுவார். நானும் கத்தோலிக்கன், மன்னார்ப் பக்கம் என்று சொன்ன நாளிலிருந்து என்னில் பெரிய வாரப்பாடு, தனிப் பாசம். இங்கே வந்து உடுப்புத் தைக்கும் தொழிற்சாலையில் மெசின் மிதித்தே முதுகு கூனியவர். நாங்கள் பிரெஞ்சில் கதைத்தோம். அவருடையது தொழிற்சாலைப் பிரெஞ்சு, என்னுடையது சாரதிப் பிரெஞ்சு. இங்கே அதை என் தமிழில் எழுதுகிறேன், காதுக்குள் அப்படித்தான் இருக்கிறது.

வழக்கம்போல ஊரைக் கேட்டேன். சின்ன ஊர், பெரிய கோயில், ஒரு குளம், குளம் முழுக்க வாத்து என்றார். ஆற்றோரம் ஒரு மாவு ஆலை, அதன் உடைந்த புகைபோக்கியின் மேல் நாரை கூடு கட்டியிருந்ததாம். யுத்தத்தைப் பற்றியும் சொன்னார். ஜெர்மன்காரர் வந்து மாட்டைக் கொண்டுபோனார்கள், தகப்பனை வேலைக்கென்று ரயிலில் ஏற்றினார்கள், பிறகு ரஷ்யர் வந்து மிச்சமிருந்த மாட்டையும் கொண்டுபோனார்கள். மாடு போன கதையைக் கேட்டு நான் சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார். எங்கள் ஊரிலும் யார் வந்தாலும் முதலில் போனது ஆடும் கோழியும்தான்.

அதே மாதங்களில் நகர் நடுவே நிற்கும் மலைக்கு மேற்குப் பக்கத்திலிருந்து ஒரு கிழவரையும் ஏற்றிக்கொண்டிருந்தேன். யூதர். தையற்காரராக இருந்தவர். என் ஜக்கெற்றைப் பார்த்த முதல் நாளே கை நீளம் பிழை, தோள் பிழை, வாங்கிய நானும் பிழை என்று தீர்ப்புச் சொன்னவர். ஆங்கிலத்தில்தான் கதைப்போம். அவரும் போலந்து என்றதும் எனக்கு வாய் சும்மா இருக்குமா? அவர் சொன்ன ஊரில் சந்தை இருந்தது, சந்தை நடுவில் தண்ணீர்ப் பம்பி இருந்தது, சுற்றிவரத் தையற்காரர், சப்பாத்துத் தைப்பவர், யூதர்களின் செபக்கூடம். ஓர் இலையுதிர்காலக் காலையில் தங்கள் ஆட்கள் எல்லோரையும் செங்கல் சூளையடிக்கு வரச்சொன்னார்கள், அதற்குப் பிறகு சந்தையில் ஆட்களே இல்லை என்றார். அவர் சொன்ன விதம் அவ்வளவுதான்.

பிறகு ஒருநாள் பாலத்துக்கு மேலால் போகும்போது, தங்கள் ஊர் மாவு ஆலையின் உடைந்த புகைபோக்கியில் நாரைக்கூடு இருந்தது என்றார். நான் பிரேக்கை மிதித்துவிட்டேன். ஊரின் பெயரைச் சொல்லச் சொன்னேன். மதாம் சொன்ன அதே பெயர்.

அன்று முழுக்க எனக்குச் சந்தோசமும் தலைச்சுற்றும். மதாமின் ஊரில் ஒரு யூதர்கூட இல்லை. தையற்காரரின் ஊரில் கோயில் மணி ஒருதடவைகூட அடிக்கவில்லை. ஒரு ஊரை நடுவால் பிளந்து ஆளுக்குப் பாதி கொண்டுவந்திருந்தார்கள். ஆனால் நாரை இரண்டு பேரிடமும் இருந்தது. எனக்கு அது போதும்.

வீட்டில் மனைவிக்குச் சொன்னேன். இரண்டு பேரையும் சொல்லாமல் கொள்ளாமல் ஒரே வானில் ஏற்றப்போகிறேன், பார் எப்படி அழப்போகிறார்கள் என்றேன். அவள் கறிக்கு உள்ளி உரித்துக்கொண்டிருந்தாள்.

"ஊர் ஒண்டெண்டா உறவோ? முதல் அவையளைக் கேட்டுப்போட்டுச் செய்யுங்கோ," என்றாள்.

கேட்டால் அதில் என்ன சுவாரசியம்? ஆஸ்பத்திரியில் தையற்காரரின் நேரத்தைக் காலைக்கு மாற்றியிருந்தார்கள். வான்களைப் பங்கிடும் பெண்ணிடம் கெஞ்சி இரண்டு பேரையும் ஒரே நடையில் போடுவித்தேன். டயலிசிஸ் ஆட்களுக்கு உப்பும் கூடாது, வாழைப்பழமும் கூடாது, ஆசைக்குத் தண்ணீர்கூடக் குடிக்க முடியாது. அதனால் உப்பில்லாத பிஸ்கட் ஒரு பெட்டி வாங்கிக்கொண்டு போனேன். நினைக்க எனக்கே வெட்கமாக இருக்கிறது, ஆனால் வாங்கினேன்.

தையற்காரரை முதலில் ஏற்றி, பிறகு வில்லரேக்குப் போய் மதாமை அவருக்குப் பக்கத்தில் இருத்தினேன். பெல்டைப் போட்டுவிட்டு, கல்யாணத் தரகன் மாதிரி முன்னால் நின்று ஊரின் பெயரைச் சொன்னேன். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். பிறகு ஒருவரையொருவர் பார்த்தார்கள். தையற்காரர் மெல்லப் போலிஷில் ஏதோ கேட்டார். அந்தப் பாசை அவர் வாயில் துருப்பிடித்த கதவு மாதிரித் திறந்தது. மதாம் கையைத் தட்டிச் சிரித்தார். நாரை என்று கையால் சிறகடித்துக் காட்டினார். கண்ணாடியில் பார்த்துக்கொண்டே ஓட்டினேன். பச்சை விளக்கு விழுந்தும் எடுக்காமல் நின்று பின்னால் வந்தவனிடம் ஹோர்ன் வாங்கினேன்.

அது ஐந்தாறு சந்திகளுக்கு மட்டும்தான். மதாம் தன் வீடு எது என்று சொல்லியிருக்க வேண்டும், கையால் தூரத்தைக் காட்டினார். தையற்காரரின் முகம் மாறியது. மிகவும் தணிந்த குரலில் ஒன்றே ஒன்று கேட்டார். மதாம் யன்னல் பக்கம் திரும்பிச் செபமாலையை எடுத்தார். ஆஸ்பத்திரி வரும்வரை வானுக்குள் வைப்பர் சத்தம் மட்டும்தான்.

இறங்கும்போது மதாம் என் கையைப் பிடிக்கவில்லை. "இனி என்னை அவரோட போடாதையும்," என்றார்.

எனக்கு ஒரு இழவும் விளங்கவில்லை. பிஸ்கட் பெட்டி உடைக்காமலே கிடந்தது. கோபமும் வந்தது. எத்தனையோ வருடம் கழித்து ஊராளைக் காட்டித் தந்திருக்கிறேன், ஒரு நன்றி இல்லையா? வீட்டில் சொன்னபோது மனைவி, வேலியில் போன ஓணானைப் பிடித்துக் காதுக்குள் விட்ட கதைதான் என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

அடுத்த நடையில் தையற்காரர் தானாகவே சொன்னார். சூளையடிக்கு வரச்சொன்ன அந்தக் காலையில் அவர் ஊரில் இல்லை. முதல்நாள் தாய் ஒரு கோட்டைத் தைத்துமுடித்து, தூரத்துப் பண்ணை ஒன்றில் கொடுத்துவிட்டு வா என்று அவரை அனுப்பினார். மழையில் அவர் அங்கேயே தங்கிவிட்டார். அவர் புறப்படுகிற நேரம் தாய் தன் தையல் மெசினைத் தள்ளுவண்டியில் ஏற்றிக் குளத்தடிக் கடைசி வீட்டுக்குக் கொண்டுபோய்க்கொண்டிருந்தார். குழப்பம் அடங்கும்வரை அங்கே இருக்கட்டும் என்றாராம். அந்தக் கடைசி வீடுதான் மதாமின் வீடு.

எனக்கு அந்த இடத்தில் பொறுமை போய்விட்டது. அது யுத்த காலம், மதாம் அப்போது சின்னப்பிள்ளை, ஒரு பழைய மெசினுக்காக இந்த வயதில் அவரைக் கேள்வி கேட்கலாமா என்றேன். அவர் கோபிக்கவில்லை.

"மெசின் எனக்கெதுக்கு? அம்மா அதைக் கேட்டுத் திரும்பி வந்தவவோ எண்டுதான் கேட்டனான். வந்திருந்தா, சூளையடியில அவ சாகேல்லை," என்றார்.

ஊரில் எல்லோரும் அன்றே முடிந்தார்கள் என்றுதான் அவருக்குச் சொல்லப்பட்டது. ஆனால் யுத்தம் முடிந்து அகதி முகாமில் இருந்தபோது ஒருவன், அந்தக் குளிர்காலம் காட்டுக்குள் அவருடைய தாயைப் போல ஒரு பெண்ணைக் கண்டதாகச் சொல்லியிருக்கிறான். சொன்னவன் அடுத்த வாரமே வேறு நாட்டுக்குக் கப்பலேறிவிட்டான். திரும்பிப் போய்க் கேட்கலாமே என்றேன். போனவர்களை அடித்துத் துரத்திய கதைகள்தான் முகாமுக்கு வந்தனவாம். அவர் போகவில்லை. இத்தனை காலத்தில் குளத்தடிக் கடைசி வீட்டு ஆள் ஒருவரை அவர் கண்டது என் வானில்தான்.

அதிலிருந்து அவர் ஏறும் ஒவ்வொரு நாளும் ஒரே கேள்வி, அவ ஏதாவது சொன்னவவோ? நான் மதாமிடம் கேட்டேன். எந்த மெசினும் எங்கள் வீட்டுக்கு வரவில்லை என்றார். இன்னொரு நாள், வந்தது, ஆனால் மாவு கொடுத்து வாங்கினது என்றார். பிறகு ஒருநாள், ஜெர்மன்காரர் கொண்டுபோகாமல் இருக்க ஒளித்துவைத்தோம், ரஷ்யர் வந்தபோது எரிந்துபோனது என்றார். யூதருக்குக் கதவு திறந்த வீட்டை ஆட்களோடு அழித்த காலம் அது, உமக்கு என்ன தெரியும் என்று என்னிடம் எரிந்து விழுந்தார். அதுவும் உண்மைதான். அப்படிக் கட்டளை இருந்தது என்று தையற்காரரே சொன்னார். எதை நம்புவது, யாரில் கோபிப்பது என்று எனக்குத் தெரியவில்லை. காலையில் மதாம் பக்கம் நிற்பேன், மத்தியானம் தையற்காரர் பக்கம் நிற்பேன். இரவு சாப்பாட்டு மேசையில் இரண்டு பேரிலும் எரிச்சல் வரும்.

எரிச்சலுக்கு இன்னொரு காரணமும் இருந்தது. மன்னாரில் எங்கள் பக்கத்து வீடு ஒரு முஸ்லிம் குடும்பம். வடக்கிலிருந்த முஸ்லிம்களை எல்லாம் ஆயுதம் ஏந்திய தமிழ் இயக்கம் வெளியேறச் சொன்ன நேரம், அவர்கள் போகமுன் தங்கள் சகன் தட்டுகளைக் கொண்டுவந்து எங்கள் அம்மாவிடம் கொடுத்தார்கள். விருந்து நாளில் நாலைந்து பேர் சுற்றியிருந்து ஒன்றாகச் சாப்பிடும் பெரிய தட்டுகள். நிலைமை சரிவந்ததும் வந்து எடுக்கிறோம் என்றார்கள். அம்மா சாக்கில் சுற்றிக் கட்டிலுக்குக் கீழே வைத்தார். பிறகு நாங்களும் ஓடினோம், முதலில் மடுக் கோயில் முகாம், அங்கிருந்து கரைக்கு வந்து வள்ளத்தில் இந்தியா, கடைசியில் இங்கே. அந்தத் தட்டுகளைக் கேட்டு அவர்கள் வந்தார்களா? வந்திருந்தால் எந்த வாசலில் நின்றிருப்பார்கள்? எங்கள் வீட்டில் இப்போது யாரென்றே எனக்குத் தெரியாது. இந்த இரண்டு கிழங்களும் வருமுன் இதை நான் ஒருநாளும் யோசித்ததில்லை.

முதல் பனி கொட்டிய வாரம், டயலிசிஸ் முடிந்து மதாமைத் திருப்பிக் கொண்டுபோனேன். வில்லரேயில் வீட்டு வாசலில் வானை நிறுத்தி, படிக்கட்டுப் பனியைத் தள்ளிவிட்டு வந்து கதவைத் திறந்தால், அவர் இறங்கவில்லை. போர்வையைக் கழுத்துவரை இழுத்துக்கொண்டு படியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்.

நத்தாருக்கு முந்திய திருவருகைக் காலத்தில் அவர்கள் ஊரில் விடிய முன்பே பூசை. ஆளுக்கொரு லாந்தர் பிடித்துக்கொண்டு இருட்டில் கோயிலுக்குப் போவார்கள். சூளையடி நடந்த வருடத்து முதல் விடியற்பூசைக்குத் தாயும் மகளும் உடுத்து வெளிக்கிட்டு, லாந்தரையும் கொளுத்திவிட்டார்கள். அந்த நேரம் யன்னலில் யாரோ தட்டினார்கள்.

"அம்மா லாந்தரை ஊதி நூத்தா. என்ர வாயைப் பொத்தினா," என்றார் மதாம். "தட்டின ஆள் போனாப்பிறகு திருப்பிக் கொளுத்திக்கொண்டு பூசைக்குப் போனனாங்கள்."

போகமுன் தாய் விளக்குமாற்றை எடுத்து, யன்னலிலிருந்து காட்டுப் பக்கம் போன காலடித் தடங்களைப் பனியோடு கூட்டி அழித்தாராம். தட்டியது யார் என்று நான் கேட்டேன். தையற்காரி என்றார். குரல் தெரியும், என் சட்டையை அவதானே தைத்துத் தந்தவ என்றார். ஒவ்வொரு படியாக மேலே கொண்டுபோய் விட்டேன். அன்று ஒரு படியிலும் அவர் மாதாவைக் கூப்பிடவில்லை.

இதை நான் தையற்காரருக்குச் சொல்வதா? தாய் சூளையடியில் மற்றவர்களோடு செத்தார் என்று நினைத்துக்கொண்டிருப்பது நல்லதா, பனிக்குள் ஒரு யன்னலில் தட்டிவிட்டுத் திரும்பிப் போனார் என்று தெரிவது நல்லதா? மனைவியைக் கேட்டேன். எப்போதும் எதற்கும் பதில் வைத்திருக்கிறவள், தெரியாது என்றாள். ஆனால் அவர் ஏறி உட்கார்ந்து வழக்கமான கேள்வியைக் கேட்டபோது என்னால் பொய் சொல்ல முடியவில்லை. வந்தவவாம், திறக்கவில்லையாம் என்றேன். பனி, லாந்தர், எல்லாம் சொன்னேன்.

அழுவார் என்று நினைத்து வானை ஓரங்கட்டினேன். அவர் அழவில்லை. கையுறையின் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்துச் சரிசெய்துகொண்டிருந்தார்.

"அப்ப நான் இவ்வளவு காலமும் பிழையான நாளில விளக்கு ஏத்தியிருக்கிறன்," என்றார்.

யூதர்களில் பெற்றோர் இறந்த நாளில் வருடாவருடம் ஒரு விளக்கு ஏற்றவேண்டும். ஒரு முழுநாள் எரியும் விளக்கு. அவர் சூளையடி நாளில் ஏற்றிவந்திருக்கிறார். எங்களுக்கு ஆண்டுப் பூசை, சைவக்காரருக்குத் திவசம், அதுபோல. தாய் இறந்த நாள் இதுவும் இல்லையே, திரும்பி நடந்து போயிருக்கிறாவே என்றேன். அம்மா உயிரோடு இருந்தவ என்று தெரிந்த கடைசி நாள் அதுதான், அதுக்குத்தான் இனி ஏற்றவேணும், அது எந்த நாள் என்று கேட்டுச் சொல்லும் என்றார்.

மதாமிடம் போய் நாளைக் கேட்டேன். எதற்கு என்றார். விளக்கு ஏற்ற என்றேன்.

"அவரோட என்னை ஒருக்காப் போடும். நான் சொல்லுறன்," என்றார்.

இந்தமுறை பிஸ்கட் இல்லை. மதாம் கோயிலுக்குப் போடும் கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்தார். பக்கத்துப் பக்கத்தில் இருந்தார்கள். மதாம் முன்சீற்றின் முதுகைப் பார்த்தபடி போலிஷில் சொல்லத் தொடங்கினார். நாளைச் சொல்ல அவ்வளவு நேரம் எடுக்காது. அவர் சொல்லிக்கொண்டே இருந்தார். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. கண்ணாடியில் தையற்காரர் தொப்பியைக் கழற்றி முகத்தை மூடியதைக் கண்டேன். பிறகு தொப்பிக்குள்ளிருந்து ஒரு சொல் வந்தது. அது மட்டும் எனக்குத் தெரியும், படியில் கை பிடிக்கும்போதெல்லாம் மதாம் எனக்குச் சொல்லும் சொல். நன்றி.

கதவு திறக்காத வீட்டுக்கு என்ன நன்றி? எனக்கு மண்டை காய்ந்தது. திரும்பும்போது அவரைத் தனியாகக் கொண்டுபோனேன். கேட்க வாயெடுத்தேன், அவரே சொல்லிவிட்டார்.

"அம்மா மெசினைக் கேக்கேல்லையாம். என்ர பெடியன் இந்தப் பக்கம் வந்தவனோ எண்டுதான் கேட்டவவாம்."

அவருடைய படலையடியில் வானை நிறுத்தினேன். எனக்குத்தான் அழுகை வந்தது.

அதன் பிறகு தங்களைச் சேர்த்து ஏற்றும்படி அவர்கள் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. தையற்காரர் தன் செபக்கூடத்துக் குருவிடம் போய் அந்த நாள் தங்கள் நாட்காட்டியில் எது என்று பார்த்துவந்தார். மார்கழியில் வந்தது. அவர்களுக்கு நாள் தொடங்குவது பொழுதுபட என்பதால் முதல்நாள் மாலையே விளக்கு ஏற்ற வேண்டும். மறுநாள் காலை வானில் ஏறியதும், இன்னும் எரிகிறது என்று மட்டும் எனக்குச் சொன்னார்.

அவரை இறக்கிவிட்டு வில்லரேக்குப் போனேன். படியெல்லாம் ஐஸ். மதாம் இறங்கி வானில் ஏறி, நான் பெல்டைப் போடக் குனிந்தபோதுதான் கேட்டார்.

"ஏத்தினவரோ?"

"ஓம். நேற்றுப் பொழுதுபட ஏத்தினவர். இன்னும் எரியுதாம்."

"எங்க வைச்சவர்?"

"குசினி மேசையில எண்டார்."

மதாம் போர்வையை மடிமேல் இழுத்துக்கொண்டார்.

"யன்னலில வைப்பார் எண்டு நினைச்சன்," என்றார்.

நான் கதவைச் சாத்திவிட்டு வந்து வானை எடுத்தேன்.